கண்ணாடி மேல் வெள்ளை எழுத்து

தண்ணியே போதுங்ண்ணா, வேற ஒண்ணும் வேண்டாம். நான் போலீஸ் இல்லீங்க, வக்கீலும் இல்ல. அதனால இப்படி நிக்காதீங்க, நீங்களும் உக்காருங்க. கம்பெனியிலருந்துதான் வர்றேன், ஆனா என்னைக் கம்பெனி ஆளுன்னு நினைச்சுக்காதீங்க. எம்பேரு நவநீதன். உங்க வீட்டுக்காரம்மா, கோகிலாமணி சிஸ்டர், வேலைக்குப் போற வீட்ல தினமும் காலைல ஒரு ஆப்பைத் திறப்பாங்கல்ல, இன்னிக்கு என்ன மாத்திரை, எத்தனை மணிக்கு ஊசின்னு பார்க்க, அந்த ஆப்புக்கு முகம் வரைஞ்சவன் நாந்தான். உள்ள ஓடற வேலையெல்லாம் வேற ஆளுங்க. எந்தக் கலரு, எவ்வளவு பெரிய எழுத்து, எந்தப் பட்டன் எங்க உக்காரணும், அதெல்லாம் என் கை.

சிஸ்டர் ஸ்டேஷனுக்குக் கையெழுத்துப் போடப் போயிருக்காங்கன்னு பக்கத்து வீட்ல சொன்னாங்க. தினமும் பத்து மணிக்கா? அடக் கொடுமையே. பதினோரு நாள் உள்ள வெச்சிருந்துட்டு, ஜாமீன்ல வெளிய விட்டும் தினமும் வா போன்னா என்னங்க அர்த்தம். சரி, வரட்டும். நான் காத்திருக்கேன். உங்களுக்கு இன்னிக்குக் களத்துல வேலை இல்லீங்களா? தேங்காய்க் களத்துல இருக்கறீங்கன்னு சொன்னாங்க. லீவா? எனக்காக ஒண்ணும் போட வேண்டியதில்லீங்க. ஓ, எனக்காக இல்ல. சரிங்க.

சுத்தி வளைக்காம சொல்லிடறேன். இந்தப் பையில ஒரு பேப்பர் இருக்குது. சிஸ்டர் அதுல ஒரு கையெழுத்துப் போட்டா கேஸ் லேசாயிரும்னு கம்பெனி வக்கீல் சொல்றாரு. கிருஷ்ணவேணி அம்மா செத்துப்போனதுக்கு சிஸ்டர்தான் காரணம்னு அவங்க பையன் புகார் குடுத்திருக்காரே, தெரிஞ்சே மாத்திரை குடுத்தாங்கன்னு, அந்தத் 'தெரிஞ்சே'ங்கற வார்த்தை போயிரும். அது போனா பாதி பாரம் போயிரும். அந்த நல்லதுக்குத்தான் நான் கோயமுத்தூர்லருந்து பஸ் ஏறி காங்கேயம் வந்திருக்கேன். யாரும் என்னைப் போன்னு சொல்லலீங்க. சரி, சொன்னாங்க. ஆனா நானும் வரணும்னுதான் இருந்தேன்.

அவங்க வர்றதுக்குள்ள என் பக்கத்தையும் கொஞ்சம் கேளுங்க. இந்த ரெண்டு மாசமா எல்லாரும் சிஸ்டரைப் பத்தித்தான் பேசறாங்க, அந்தம்மாவைப் பத்தித்தான் பேசறாங்க. நான் என்ன ஆனேன்னு கேக்க ஒரு நாதி இல்ல.

நம்ம பாத்ரூம் ஜன்னலுக்கு ஒரு கண்ணாடி போடுவாங்கல்ல. வெளிச்சம் உள்ள வரும், ஆனா உள்ள இருக்கற ஆள் தெரியாது, ஏதோ அசையுதுன்னு மட்டும் தெரியும். டாக்டர் ரூம் கதவுலயும் அப்படித்தான் ஒரு ஸ்டிக்கர் ஒட்டியிருப்பாங்க. அந்தக் கண்ணாடிதாங்க இப்ப எங்க தொழில்ல பெரிய மவுசு. செல்போன்ல ஒரு படம் இருக்குதுன்னு வெச்சுக்கோங்க. அதுக்கு மேல ஒரு சின்னக் கட்டம் மிதக்கும். கட்டத்துக்குப் பின்னாடி இருக்கற படம் பனி மூடுன மாதிரி மங்கலாத் தெரியும். சுத்தி ஒரு மெல்லிசான வெள்ளைக் கோடு, கீழ லேசா ஒரு நிழல். கட்டத்துக்குள்ள எழுத்து. பார்க்கறவனுக்கு மேல எது இருக்குது, அடியில எது இருக்குதுன்னு சொல்லாமலே புரியும். அதுதான் அதோட அர்த்தம். இது மேல, அது கீழ. நீ எங்கயும் போயிடல, பழைய இடம் பின்னாடியே இருக்குதுங்கற தைரியம்.

பெரிய பெரிய கம்பெனியெல்லாம் அதைத்தான் போட்டான். பல வருஷத்துக்கு முன்னாடி கம்ப்யூட்டர்ல இதே கண்ணாடி வந்துச்சு, அப்பறம் போர் அடிச்சுதுன்னு சுவத்துக்குப் பெயிண்ட் அடிச்ச மாதிரி எல்லாத்தையும் தட்டையாக்குனாங்க, இப்ப மறுபடி கண்ணாடி. சேலைல பெரிய பார்டர் போகும், வரும், அப்படித்தான். நான் சனிக்கிழமை சனிக்கிழமை கிளாஸ் எடுக்கறேன் தெரியுமுங்களா. முப்பது பேர் உக்காந்திருப்பாங்க. முதல் பாடமே இந்தக் கண்ணாடிதான். எங்க போடலாம், எங்க போடக் கூடாது. மெனுவுக்குப் போடு. பாட்டு ஓடற இடத்துல போடு. 'காலை வணக்கம்' சொல்ற இடத்துல போடு. ஆனா ஒருத்தன் படிச்சே ஆகணும்ங்கற விஷயத்தை இதுமேல வெக்காதே. நானே போர்டுல எழுதிப் போடுவேன். போர்டுல எழுதுனதை யாரு பார்த்தா, நானும் ஊருக்குத்தானே உபதேசம் சொல்லிட்டு இருந்தேன், எனக்கில்லியே.

இல்லீங்க, நான் தப்புப் பண்ணலன்னுதான் சொல்ல வர்றேன். கேளுங்க. நான் வரைஞ்சப்ப அந்தக் கட்டத்துக்குள்ள வெறும் காலை வணக்கம்தான் இருந்துச்சு. 'காலை வணக்கம் கோகிலாமணி, இன்று வெயில் அதிகம்.' அவ்வளவுதான். அதைப் படிச்சா என்ன, படிக்காட்டி என்ன. ரெண்டு மாசம் கழிச்சு எங்க சுபத்ரா மேடம், அவங்கதான் கம்பெனிக்கு எல்லாம், டாக்டர் சொல்ற அவசரச் சேதி எங்க வரும்னு கேட்டாங்க. அதுக்குத் தனியா ஒரு இடம் வரையோணும்னா ரெண்டு வாரம் ஆகும். பெங்களூர்ல அவார்டுக்கு அனுப்பற நேரம். இருக்கற கட்டத்துலயே வரட்டும்னு சொல்லிட்டாங்க. நான் சரின்னேன். சரின்னு தலையாட்டுனது மட்டுந்தான் நான்.

அப்பறம் அந்த வீட்டுப் படம். அது என் யோசனைதான், அதுல எனக்கு இப்பவும் பெருமைதாங்க. பெரியவங்களைப் பார்த்துக்க ஒரு நர்ஸ் வர்றாங்க, அவங்க போனைத் திறந்தா அந்தக் குடும்பத்துப் படம் பின்னாடி தெரியணும். இது நோயாளி நம்பர் இருபத்தேழு இல்ல, இது ஒரு வீடுன்னு தோணணும். பையனோ பொண்ணோ அவங்க இருக்கற ஊர்லருந்தே ஒரு படத்தை ஏத்தலாம். சுபத்ரா மேடத்துக்குக் கண்ணுல தண்ணியே வந்துருச்சு. மேடம் அழுது நான் பார்த்தது அன்னிக்கு ஒரு நாள்தான்.

எங்க ஆபீஸ்ல ஒரு பழக்கம் இருக்குதுங்க. எல்லா டிசைன் ஆபீஸ்லயும் அப்படித்தான். வேலையைக் காட்டறப்ப லைட்டை எல்லாம் அணைச்சிருவோம். பெரிய திரை. பின்னாடி போடற படம் எப்பவும் நாங்க எடுத்து வெச்ச படம்தான். எங்கிட்ட ஒரு விடியக்காலைப் படம் இருக்குது, வால்பாறையில எடுத்தது, நீலமும் ஊதாவும் கலந்து கிடக்கும். அதுமேல என் கண்ணாடியை வெச்சா, அடடா, எழுத்து பாலாட்டம் மிதக்கும். எல்லாரும் கை தட்டுனாங்க. எழுத்துக்கும் பின்னாடி இருக்கற நிறத்துக்கும் இவ்வளவு வித்தியாசம் இருக்கணும்னு ஒரு கணக்கு உண்டு, அதையும் அளந்தேன், நல்ல மார்க்குல தேறுச்சு. எதுமேல வெச்சு அளந்தேன்னா, என் படத்து மேல. வேற எதுமேல அளக்கறது? ஊர்ல இருக்கற எல்லா வீட்டுப் படத்தையுமா நான் வாங்கி வந்து அளக்க முடியும், நீங்களே சொல்லுங்க.

அன்வர்னு ஒரு பையன்... பையன் என்ன, முப்பத்தஞ்சு வயசு ஆளு, நான் வரையறதை ஓட வெக்கறது அவன்தான். அவன் வந்து, நவநீ, சிஸ்டருங்களுக்குக் கம்பெனி குடுக்கற போன் மட்டமான போனு, அதுல இந்தப் பனி ஓடாது, திணறுது, நான் நிறுத்திட்டேன்னான். நிறுத்துனா என்ன ஆகும்னா பனி போயிரும், வெறும் கண்ணாடி மட்டும் நிக்கும். அடியில ஒரு கருப்பு பூச்சு கொஞ்சம் குடுத்துக்கறேன், எழுத்தாவது நிக்கும்னு கேட்டான். நான் வேண்டாம்னேன். கருப்பு பூசிட்டா அது என்னங்க கண்ணாடி, கருப்பு ஸ்டிக்கர் ஒட்டுன கார் ஜன்னல் மாதிரி இருக்கும். அவார்டுக்காரன் பார்த்தா சிரிப்பான். அன்வர் ரெண்டு தடவை கேட்டான், மூணாவது தடவை மெயில் போட்டான். அந்த மெயில்தான் இப்ப வக்கீல் டேபிள்ல இருக்குது. மெயில் போடறது என்ன பழக்கம்? பக்கத்து சீட்டுல உக்காந்திருக்கறவன் எந்திரிச்சு வந்து கையைப் பிடிச்சு, டேய் மாத்துடான்னு சொல்லியிருக்க வேண்டாமா? நான் மாத்தியிருப்பேன். இப்ப அவன் வேற வேலைக்குப் போயிட்டான், போன் எடுக்கறதில்ல.

ஒரு நிமிஷம், இதைப் பாருங்க. என் போன்தான். இதுதான் அந்த ஆப். படிங்க பார்ப்போம். 'காலை வணக்கம் நவநீதன், இன்று மருத்துவரின் குறிப்பு எதுவும் இல்லை.' பாருங்க, மூக்குக் கண்ணாடி போடாமலே படிச்சிட்டீங்க. நீங்க எத்தனாவது வரைக்கும் படிச்சீங்க? எட்டாவதா. எட்டாவது படிச்சவரே படிச்சிட்டாரு. இதைத்தான் நான் போலீஸ்லயும் சொன்னேன். எழுத்து தெளிவாத்தான் இருக்குதுன்னு எழுதிக் குடுத்தேன். பொய் சொல்லலியே. ஆமாங்க, பின்னாடி இருக்கறது அந்த வால்பாறைப் படம்தான். ஆமா, போனும் நல்ல போனு. அதைத்தான் அன்வரும் சொன்னான்.

கிருஷ்ணவேணி அம்மா வீட்டுப் படம் எதுன்னா, பெங்களூர்ல இருக்கற அவங்க பையன் ஏத்துனது. பேத்தியோட முதல் பொறந்த நாள். வெள்ளை கவுனு, வெள்ளை பலூன் நூறு இருக்கும், பின்னாடி சுவரும் வெள்ளை. அழகான படம். என் எழுத்து வெள்ளை. அந்த மட்டமான போன்ல பனியும் இல்ல. வெள்ளை மேல வெள்ளை எழுத்து.

என்ன நடந்துச்சுன்னு உங்களுக்கு ஸ்டேஷன்ல சொல்லியிருப்பாங்க. இருந்தாலும் வரிசையாச் சொல்லிடறேன், ஏன்னா ஆளாளுக்கு ஒண்ணு சொல்றாங்க. அந்தம்மாவுக்கு இதயத்துல வால்வு மாத்தியிருக்குது. ரத்தம் உறையாம இருக்க தினமும் காலைல ஒரு மாத்திரை. அதை அப்பப்ப ரத்தம் எடுத்துப் பார்த்துக் கூட்டிக் குறைக்கோணும். புதன்கிழமை சாயந்திரம் ரிசல்ட் வருது, ரத்தம் ரொம்ப நீர்த்துப்போயிருக்குது. டாக்டர் ஆப்ல போடறாரு, இந்த மாத்திரையை மூணு நாளைக்கு நிறுத்தவும்னு. அது எங்க போய் உக்காருது? என் கட்டத்துல. வியாழக்கிழமை காலைல சிஸ்டர் திறக்கறாங்க. வெள்ளை பலூன் தெரியுது, பாப்பா தெரியுது. கட்டத்துக்குக் கீழ ஒரு பட்டன் இருக்குது, அது மட்டும் கருநீலம், அது பளிச்சுன்னு தெரியும். 'படித்தேன்'னு போட்டிருக்கும். அதை அழுத்துனாத்தான் அடுத்த பக்கம் திறக்கும், வந்தேன்னு ஹாஜரும் விழும். சிஸ்டர் அழுத்துனாங்க. வழக்கம்போல மாத்திரை குடுத்தாங்க. வெள்ளிக்கிழமையும் குடுத்தாங்க. சனிக்கிழமையும் குடுத்தாங்க. சனிக்கிழமை சாயந்திரம் தலை வலிக்குதுன்னு அந்தம்மா வாந்தி எடுத்தாங்க. மூளைல ரத்தக் கசிவு. அஞ்சு நாள் கிடந்து போயிட்டாங்க. நான் ஆஸ்பத்திரிக்குப் போனேன். சாவுக்குப் போகலீங்க, போகத் தைரியம் இல்ல.

கம்பெனி கம்ப்யூட்டர்ல என்ன இருக்குது? வியாழன், ஏழு ஐம்பத்தாறுக்கு, கோகிலாமணி, படித்தேன். அவ்வளவுதான் இருக்குது. கம்ப்யூட்டருக்குப் பலூன் தெரியுமா. படிச்சுட்டும் மாத்திரை குடுத்திருக்காங்கன்னுதான் அதைப் பார்க்கறவன் சொல்லுவான். பையன் அதைத்தான் சொன்னாரு, போலீஸும் அதைத்தான் எழுதுச்சு. ஒரு பொண்ணுக்கு ஒரு வயசான அம்மாவைக் கொல்ல என்ன காரணம் இருக்கும்னு ஒருத்தன் யோசிக்கலீங்க. நான் யோசிச்சேன். நான் மேடத்துகிட்டயே கேட்டேன்.

அப்பத்தான் வக்கீல் இந்தப் பேப்பரை எழுதுனாரு. இதுல ஒண்ணும் பெருசா இல்ல. 'அறிவிப்பைப் படிக்காமலேயே, என் கவனக்குறைவால், படித்தேன் என்ற பொத்தானை நானாகவே அழுத்திவிட்டேன். எழுத்துகள் தெளிவாகவே இருந்தன.' அவ்வளவுதான். கவனக்குறைவுன்னா அது வேற, தெரிஞ்சு பண்றதுன்னா அது வேற. வக்கீல் சொல்றாரு, இது சின்னக் கேஸாயிரும், சிஸ்டர் ஜெயிலுக்கே போக வேண்டாம்னு. என்ன, திரும்ப நர்ஸ் வேலைக்குப் போக முடியாது. வேற வேலையா இல்ல ஊர்ல. தையல் இருக்குது, ஜவுளிக் கடை இருக்குது. ஏங்ண்ணா அப்படிப் பார்க்கறீங்க. நான் வக்கீல் சொன்னதைச் சொன்னேன்.

எழுத்து தெளிவா இருந்துச்சான்னு கேக்கறீங்களா? நான்தான் சொன்னேனே. என் போன்ல தெளிவா இருந்துச்சு.

எனக்கு என்ன நடந்துச்சு தெரியுமுங்களா. சனிக்கிழமை மத்தியானம் பெங்களூர்ல அந்த அவார்டு குடுத்தாங்க. அந்தம்மா வாந்தி எடுத்த அதே சனிக்கிழமை. நான் மேடைல நின்னுட்டு இருக்கேன், 'மனிதத் தொடுதல்'னு ஏதோ பேசுனேன். திரும்பி வந்தா அவார்டை மூணு வாரத்துல திருப்பி வாங்கிட்டாங்க. ஒரு மெயில்தான், ஒரு போன்கூட இல்ல. கிளாஸ்ல ஆள் வர்றதில்ல. சாப்பாடு இறங்க மாட்டேங்குது. என் சம்சாரம் போனைத் திறந்து ஏதாவது காட்டுனாக்கூட நான் முதல்ல பின்னாடி என்ன நிறம்னு பார்க்கறேன். பயமா இருக்குதுங்க. உண்மையாச் சொல்றேன், பயமாத்தான் இருக்குது. இதெல்லாம் யாரு கணக்குல எழுதிக்கறா? சிஸ்டருக்குப் பதினோரு நாள். எனக்கு எத்தனை நாள்னே தெரியல.

ஒண்ணு கேக்கணும்னு இருந்தேன். சிஸ்டர் சொந்தமா ஒரு போன் வெச்சிருந்தாங்கல்ல. கம்பெனி போன் இல்ல, அது போலீஸ்ல இருக்குது, அது எனக்குத் தெரியும். அவங்க சொந்த போன். அது எங்கங்க இருக்குது? சும்மாதான் கேக்கறேன். போலீஸ் வாங்கலியா. அப்ப வீட்லயா?

ஏன் கேக்கறேன்னா, சிஸ்டருங்களுக்குன்னு ஒரு வாட்ஸ்அப் குரூப் இருந்துச்சு. ஆப்ல ஏதாவது சிரமம்னா அதுல போடலாம். வேற டிசைனர் யாரும் அந்த மாதிரி குரூப்ல உக்கார மாட்டாங்க. நான் உக்காந்தேன். கேள்வி வந்தா அஞ்சு நிமிஷத்துல பதில். கிளாஸ்ல இதை ஒரு பாடமாவே சொல்லுவேன், பயன்படுத்தறவங்க கூடவே இருக்கணும்னு. கேஸ் ஆனதும் மேடம் அந்த குரூப்பைக் கலைச்சிட்டாங்க. என் போன்லயும் அழிச்சிடச் சொன்னாங்க, அழிச்சிட்டேன். ஆனா குரூப் கலைஞ்சாலும் அவங்கவங்க போன்ல இருக்கறது இருக்கும். அது மேடத்துக்குத் தெரியாது. எனக்குத் தெரியும்.

ஆமாங்க, சிஸ்டர் அந்த வியாழக்கிழமை காலைல அதுல ஒரு படம் போட்டாங்க. இல்லைன்னு சொல்லல. கம்பெனி போனைத் தன்னோட போன்ல படம் பிடிச்சுப் போட்டாங்க, எழுத்து தெரியலைன்னு. நான் பெங்களூருக்கு ரயில்ல போய்ட்டிருந்தேன். பார்த்தேன். பார்க்கறேன்னு சொன்னேன். அப்படித்தான் ஏதோ சொன்னதா ஞாபகம். ஆபீஸுக்குச் சொல்லிடறேன்னு சொல்லியிருப்பேன். ஒரு நாளைக்கு நாப்பது மெசேஜ் வரும், எல்லாம் நினைவுல நிக்குமா.

இதுல நான் சொல்ல வர்றது என்னன்னா, அந்தப் படம் வெளிய வந்தா சிஸ்டருக்குத்தான் சிக்கல். எழுத்து தெரியலன்னு தெரிஞ்சும் ஏன் மாத்திரை குடுத்தேன்னு கேப்பாங்க. அப்ப இந்தப் பேப்பருக்கு அர்த்தம் இல்லாமப் போயிரும். அதனால அதை நம்ம... நான் அழிச்சுடுன்னு சொல்லலீங்க. இப்பப் போய் அதை எடுத்துக் காட்ட வேண்டியதில்லன்னு சொல்றேன். போன் எங்க இருந்துச்சு? பையிலயா. பை கிருஷ்ணவேணி அம்மா வீட்லயே கிடந்துச்சா. முந்தாநாள்தான் குடுத்தாங்களா. சரிங்க. அப்ப இன்னும் யாரும் திறந்து பார்த்திருக்க மாட்டீங்க.

என்னங்ண்ணா, பீரோவுல என்ன தேடறீங்க? போட்டோக் கடைக் கவருங்களா அது. எங்கிட்டயா?

ம். ஆமாங்க. அந்தப் படம்தான். பலூன் தெரியுது. சிஸ்டரோட விரல் ஓரத்துல தெரியுது. குரூப்ல இருந்ததை அப்படியே கடைல பிரிண்ட் போட்டீங்களா. வக்கீல்கிட்ட ஒரு காப்பி இருக்குதா. ஓ. எந்த வக்கீல்? சரிங்க.

கீழ இருக்கறது ரொம்பச் சின்ன எழுத்தா இருக்குதுங்க. இந்த மூலைல வேற வெளிச்சம் பத்தல. இல்லீங்க, ஜன்னலைத் திறக்க வேண்டாம், பரவால்ல. திறந்துட்டீங்களா.

நானே படிக்கணுமா. நீங்க ஏற்கெனவே படிச்சிருப்பீங்களே. சத்தமாவா. சரிங்க, படிக்கறேன்.

'கோகிலாமணி. ஏழு ஐம்பத்திரண்டு. சார், இந்தக் கட்டத்துக்குள்ள ஏதோ எழுதியிருக்கிற மாதிரி இருக்கு. சாய்ச்சுப் பார்த்தேன், நிழல்ல வெச்சுப் பார்த்தேன், படிக்க முடியல. ஆபீஸுக்குப் போன் பண்ணினேன், ஆப்லயே பாருங்கன்னு வெச்சுட்டாங்க. என்ன போட்டிருக்குன்னு சொல்லுங்க சார். மாத்திரை குடுக்கிற நேரம் ஆச்சு.'

அதுக்குக் கீழ. 'நவநீதன், டிசைன். ஏழு ஐம்பத்தைந்து. பாப்பா படம் சூப்பர் சிஸ்டர்! அது சும்மா காலை வணக்கம்தான் இருக்கும். படித்தேன் பட்டனை அழுத்துங்க, அடுத்த பக்கம் வந்துடும்.' ஒரு சிரிப்புப் பொம்மை.

நாந்தாங்க. நாந்தான் போட்டேன்.

இல்லீங்ண்ணா, கொஞ்சம் பொறுங்க. இதுல பாருங்க, நான் அழுத்தச் சொன்னேன். அவ்வளவுதான் சொன்னேன். படிக்க வேண்டாம்னு நான் எங்கயும் போடலீங்களே. இருக்கும்னுதானே போட்டிருக்கேன், இருக்குதுன்னு போடலியே. ஒரு பொறுப்பான நர்ஸ் அதுக்கப்பறமும்...

சிஸ்டர். எப்ப வந்தீங்க? நான் கவனிக்கல. கம்பெனியிலருந்து ஒரு விஷயமா... உக்காருங்க. உங்க வீட்ல உங்களையே உக்காரச் சொல்றேன் பாருங்க.

“நவநீதன் சாருங்களா? குரூப்ல கேட்டா பதில் சொல்றது நீங்க ஒருத்தர்தான் சார். மத்த யாரும் எங்களை மதிச்சு ஒரு வார்த்தை போட மாட்டாங்க. நீங்க சொன்னீங்கன்னுதான் அழுத்துனேன்.”

அப்படிச் சொல்லாதீங்க சிஸ்டர். திட்டுங்க. அண்ணா, நீங்களாவது சொல்லுங்க அவங்ககிட்ட. ரெண்டு வார்த்தை திட்டச் சொல்லுங்க.